நந்தனார் பள்ளி கண்ட சுவாமி சகஜானந்தர்

நமது கல்விச் சங்கத்தின் வெள்ளி விழா மலரில் எவருடைய வரலாறுகளை வெளியிடுவது என்னும் கேள்வி மலர்க் குழுவின் முதற் கூட்டத்திலேயே எழுந்தது. அண்ணல் அம்பேத்கர் அவர்களின் வரலாறு முதற்கண் இடம்பெற வேண்டும் என்பதில் எவர்க்கும் மாற்றுக் கருத்து இல்லை. அடுத்து ஒருவரைத் தேர்ந்தெடுக்கும்போது தான் வாதம் வளர்ந்தது. இளைஞர் சிலர் இரட்டைமலை சீனிவாசனார் என்றனர். வேறு சிலர் அயோத்திதாசப் பண்டிதர் என்றனர். மூத்த உறுப்பினர் ஒருவர் சுவாமி சகஜானந்தர் பெயரை முன்மொழிந்தபோது, கூட்டத்தில் இருந்தோரிற் பாதிப் பேருக்கு அவர் யாரென்றே தெரியவில்லை. தெரிந்த சிலரோ முகஞ்சுளித்தனர். காவியுடுத்த துறவி, காங்கிரசைச் சேர்ந்தவர், கோயில் கோயிலென்று காலங்கழித்தவர், அவருக்கு நம் மலரில் என்ன வேலை என்று வெளிப்படையாகவே கேட்டனர்.

அந்தக் கேள்வியை நாம் ஒதுக்கிவிட விரும்பவில்லை. ஆயினும் இரண்டு காரணங்களால் இந்த வரலாற்றை எழுதத் துணிந்தோம். முதலாவது, அவர் நம் வட்டாரத்தார். கீழ்பென்னாத்தூருக்கு வடக்கே ஆரணியை அடுத்த மேல்புதுப்பாக்கம் அவர் பிறந்த ஊர். நம் ஊர் வழியாகச் செஞ்சி சென்று திண்டிவனத்தை அடையும் சாலையை நாம் நாள்தோறும் மிதிக்கின்றோம். அந்தத் திண்டிவனத்தில்தான் அவர் எட்டாம் வகுப்புவரை பயின்றார். இரண்டாவது காரணமே பெரிது. நம்மவருக்காக, நம்மவர் ஒருவராலேயே தொடங்கப்பெற்று, நூறாண்டுகளைக் கடந்தும் மூடப்படாமல் நடந்துவரும் பள்ளிகள் இந்நாட்டில் மிகச் சில. அவற்றுள் ஒன்று அவர் கண்ட பள்ளி. இருபத்தைந்து ஆண்டு நடத்துவதற்குள் நாம் பட்ட பாட்டை நினைத்தால், அந்த நூறாண்டின் அருமை நமக்கு விளங்கும்.

முனுசாமி என்பது அவருக்குப் பெற்றோர் இட்ட பெயர். தந்தையார் அண்ணாமலை, தாயார் அலமேலு. பிறந்த நாள் 27-1-1890. அக்காலத்தில் வட ஆர்க்காட்டுச் சிற்றூர்களில் ஒரு பறையர் குடும்பத்தில் பிறந்த ஆண்மகனுக்கு வாழ்க்கை எப்படி அமையும் என்பதை இளைஞர்கள் மனத்தில் இருத்திக்கொள்ள வேண்டும். ஏரிப் பாசன நிலமெல்லாம் ஊராருடையது. சேரியார் படியாளாகவோ கூலியாளாகவோ அந்நிலத்தில் உழைத்தனர். பிள்ளைகள் நடக்கத் தொடங்கிய சில ஆண்டுகளிலேயே ஆடுமாடு மேய்க்கச் சென்றனர். பள்ளிக்கூடம் என்று ஒன்று இருந்தால் அது கோயில் மண்டபத்திலோ ஊர்த் தெருவில் ஒரு வீட்டுத் திண்ணையிலோ நடந்தது. அந்தத் தெருவிலேயே நம்மவர் நடக்கக் கூடாதென்றால், திண்ணையில் ஏறி உட்காருவது எங்ஙனம்? பள்ளியிற் சேர்க்கக் கூடாது என்று சட்டம் எதுவும் எழுதப்பட்டிருக்கவில்லை. பள்ளி இருந்த இடமே போதிய தடையாயிற்று.

அவர் பிறந்த காலத்திலேதான் இந்நிலை குறித்து அரசினர் சிறிது கண் திறந்தனர். செங்கற்பட்டு ஆட்சியர் திரமென்ஹீர் என்பார் பறையர்களின் நிலைமையை நேரிற் கண்டு எழுதிய அறிக்கையின் பயனாக 1892ஆம் ஆண்டு நம்மவர்க்கு நிலம் ஒதுக்கும் ஆணை பிறந்தது. பஞ்சமி நிலம் என்று நாம் இன்றும் வழக்காடிக்கொண்டிருப்பது அதுவே. அடுத்த ஆண்டில் பஞ்சமர் கல்விக்கெனவும் ஓர் அரசாணை வெளிவந்தது. ஆணைகள் வந்தன என்பதனால் பள்ளிகள் வந்துவிட்டன என்று எண்ணிவிட வேண்டாம். அரசினர் பணம் ஒதுக்கினாலும், சேரிக்குள் சென்று பாடஞ்சொல்ல ஆசிரியர் கிடைக்கவில்லை. அந்த வேலையைச் செய்ய முன்வந்தவர்கள் பெரும்பாலும் கிறித்தவ சமயத் தொண்டர்களே. நம் வட்டாரத்தில் அமெரிக்க ஆர்க்காட்டு மிஷன் என்னும் சபையார் ஆரணி, திண்டிவனம் முதலிய ஊர்களில் பள்ளிகளும் மருத்துவச் சாலைகளும் அமைத்திருந்தனர். அவர்களுக்கு நாம் பட்டிருக்கும் கடன் சிறிதன்று. நம் சங்கத்தின் மூத்த உறுப்பினர்களுள் முதல் தலைமுறையாகக் கையெழுத்திடக் கற்றவரின் பேரர்கள் எத்தனை பேர் என்று எண்ணிப் பார்த்தால், அந்தப் பாட்டனார் கற்றது பெரும்பாலும் ஒரு மிஷன் பள்ளியாகவே இருக்கும்.

முனுசாமியும் அவ்வழியே கற்றார். ஊரில் தொடக்கக் கல்வி, பின் திண்டிவனத்தில் மிஷன் பள்ளி. கூர்மையான பிள்ளை. பைபிளை நன்கு கற்றுத் தேர்ந்தார். அங்கே அவருக்குச் சிகாமணி என்னும் பெயரும் வழங்கியது. ஆயின் சமயம் மாறுவதற்கு அவர் இசையவில்லை. எட்டாம் வகுப்போடு படிப்பு நின்றது.

ஒரு சிறுவன் உள்ளத்தில் அப்போது என்ன ஓடியிருக்கும் என்று நாம் கற்பனை செய்து எழுதுவது முறையாகாது. ஆயினும் பின்னாளில் அவர் செய்தவற்றை வைத்துப் பார்க்கையில் ஒன்று தெளிவாகத் தெரிகின்றது. நம் பிள்ளைக்குக் கல்வி வேண்டுமானால் ஒன்று ஊராரின் கருணை வேண்டும், அல்லது சமயத்தை மாற்றிக்கொள்ள வேண்டும், அல்லது அரசாங்கத்தின் ஆணைக்காகக் காத்திருக்க வேண்டும் என்றிருந்த நிலைமையில், இம்மூன்றையும் சாராத ஒரு நான்காம் பள்ளியை அவர் தேடினார்.

திண்டிவனத்தின் பின்னர் அவர் பெற்றோருடன் கோலார் தங்கவயலுக்குச் சென்றார். இந்தச் செய்தி நம் வட்டாரத்தார்க்குப் புதிதன்று. நம் ஊர்களில் எந்தக் குடும்பத்தைக் கேட்டாலும், பாட்டனாரின் அண்ணனோ தம்பியோ தங்கவயலுக்குப் போனவர் என்று சொல்வார்கள். 1880ஆம் ஆண்டு முதல் ஆங்கிலேய நிறுவனம் அங்கே சுரங்கம் தோண்டத் தொடங்கியது; பாறைக்கடியில் இறங்கி வெடி வைக்கவும் மண் சுமக்கவும் வட ஆர்க்காட்டுச் சேரிகளிலிருந்து ஆயிரக்கணக்கானோர் சென்றனர். நிலக்கிழாரின் கடனிலிருந்து தப்ப அது ஒரு வழியாயிற்று. மாதச் சம்பளம் என்னும் ஒன்றை நம்மவர் முதன்முதலிற் கண்ட இடங்களுள் தங்கவயலும் ஒன்று. நெஞ்சில் தூசி படிந்து நோயுற்று இறந்தோரும் பலர். அந்தச் சுரங்கங்கள் 2001ஆம் ஆண்டு மூடப்பெற்றன.

தங்கவயலில் கூலி மட்டும் கிடைக்கவில்லை, சிந்தனையும் கிடைத்தது. அயோத்திதாசப் பண்டிதரின் பௌத்த சங்கத்திற்கு அங்கே மாரிகுப்பத்தில் வலிமையான கிளை ஒன்று இருந்தது. அவருடைய தமிழன் இதழை அங்கே கூடிப் படித்தனர். அதே ஊரில்தான் இளைஞர் முனுசாமிக்கு நீலமேக சுவாமிகள் என்னும் துறவியாரின் தொடர்பு ஏற்பட்டது; அத்தொடர்பு அவரைச் சைவத்தின் பாலும் வேதாந்தத்தின் பாலும் திருப்பியது. ஒரே சேரி மக்கள், ஒரே தங்கவயல். ஒரு சாரார் புத்தரிடமும் ஒருவர் நடராசரிடமும் சென்றனர். இவருள் யார் செய்தது சரி என்று நம் மலர்க் குழுவில் ஒரு மாலைப்பொழுது முழுவதும் வாதிட்டோம். முடிவு ஏற்படவில்லை.

பின்னர் அவர் சென்னை வந்து வியாசர்பாடியிலிருந்த கரபாத்திர சுவாமிகளை அடைந்து சீடரானார். உண்கலம் என்று ஒன்றும் வைத்துக்கொள்ளாமல் உள்ளங்கையையே பாத்திரமாகக் கொண்டவர் என்பது கரபாத்திரர் என்னும் பெயரின் பொருள். அவரிடத்தில் முனுசாமி தமிழ் இலக்கணமும் சாத்திரங்களும் வடமொழியும் கற்றார். அக்காலத்தில் ஒரு பறையர் குல இளைஞர் வடமொழி கற்பதென்பது சாதாரணச் செய்தியன்று. கேட்கவே தகாதவர் என்று எந்த மொழியின் பெயரால் நம் முன்னோர் விலக்கப்பட்டனரோ, அம்மொழியில் பிழையறப் பேசி வாதிடும் புலமையை அவர் பெற்றார். சகஜானந்தர் என்னும் துறவுப் பெயரும் அக்குருவினாலேயே வழங்கப்பெற்றது.

1910ஆம் ஆண்டு, குருவின் கட்டளைப்படி அவர் சிதம்பரம் சென்றார். அப்போது அவருக்கு இருபது வயது.

சிதம்பரம் என்றால் என்ன பொருள் என்பதை நாம் இங்கே சற்று விரித்துச் சொல்ல வேண்டும். சைவர்கள் கோயில் என்று பெயர் சொல்லாமற் சொன்னாலே தில்லையைத்தான் குறிக்கும். அந்தக் கோயிலைக் காண ஏங்கி, நாளைப் போவேன் நாளைப் போவேன் என்று சொல்லிச் சொல்லியே திருநாளைப்போவார் என்று பெயர் பெற்ற நந்தனார் நம் குலத்தவர். ஆதனூரைச் சேர்ந்த அவர் தில்லையில் தீயில் மூழ்கி வேறு வடிவத்தோடு எழுந்த பின்னரே உள்ளே செல்ல முடிந்தது என்று சேக்கிழாரின் பெரிய புராணம் கூறுகின்றது. பல நூற்றாண்டுகளுக்குப் பின் கோபாலகிருஷ்ண பாரதியார் அக்கதையைக் கீர்த்தனையாக்கினார். அதில் நந்தனாரை வதைக்கும் பண்ணையாராக ஒரு வேதியரையும் புதிதாகச் சேர்த்தார். தமிழ்நாடெங்கும் கதாகாலட்சேபங்களில் அக்கதையைக் கேட்டு மேற்குலத்தார் கண்ணீர் உகுத்தனர். 1935ஆம் ஆண்டு திரைப்படமாக அது வந்தபோது, நந்தனாராக நடித்த கே. பி. சுந்தராம்பாள் அவர்களுக்கு அளிக்கப்பெற்ற ஊதியம் ஓர் இலட்சம் ரூபாய் என்று வியந்து பேசினர். அந்தக் காலத்தில் ஓர் இலட்ச ரூபாய் இருந்தால் எத்தனை சேரிப் பள்ளிகள் நடத்தியிருக்கலாம் என்று நம் பொருளாளர் கணக்கிடத் தொடங்கினார், நாம் தடுத்துவிட்டோம்.

நந்தனார் தீயில் மூழ்கிய இடம் என்று மக்களால் கருதப்படுவது சிதம்பரம் நகரின் ஓரத்திலுள்ள ஓமக்குளம். சுவாமிகள் அவ்விடத்தைச் சார்ந்தே தம் மடத்தை அமைத்துக்கொண்டார். நந்தனார் மடம் என்று அதற்குப் பெயர். இந்த இடத் தேர்வை வெறும் பக்தி என்று ஒதுக்கிவிட முடியவில்லை. நம்மவர் ஒருவர் உயிரோடு எரிந்ததாகக் கதை சொல்லும் இடத்தில், நம் பிள்ளைகள் உட்கார்ந்து படிக்கவேண்டும் என்று அவர் நினைத்தார்.

1916ஆம் ஆண்டு நந்தனார் கல்விக் கழகம் தோன்றியது. தொடக்கத்திற் பயின்ற மாணவர் 25 பேர். சுவாமிகளின் வயது அப்போது 26.

அந்த ஆண்டினைச் சற்று நினைவிற் கொள்ளுமாறு வேண்டுகின்றோம். சென்னை அரசினர் தாழ்த்தப்பட்டோர் நலனுக்கெனத் தொழிலாளர் ஆணையர் ஒருவரை அமர்த்தி, சேரிகளில் பள்ளியும் கிணறும் மனையும் வழங்கத் தொடங்கியது 1920ஆம் ஆண்டை ஒட்டித்தான். இரட்டைமலை சீனிவாசனாரின் தீர்மானத்தின் பேரில், பொதுச் சாலைகளிலும் பொதுக் கிணறுகளிலும் நம்மவர்க்கு உரிமை உண்டு என்று அரசாணை பிறந்தது 1924இல். அண்ணாமலைப் பல்கலைக்கழகம் அதே சிதம்பரத்தில் தோன்றியது 1929இல். இவையனைத்திற்கும் முன்னே, தெருவில் நடக்கும் உரிமைகூட ஆணையாக எழுதப்படாத காலத்தில், துணைக்கு ஒரு குருவின் பெயரும் உடுத்த ஒரு காவியும் மட்டுமே உடைய இளைஞர் ஒருவர் அங்கே பள்ளி திறந்தார்.

அவருக்கு முன்னோடிகள் இல்லை என்று நாம் கூறவில்லை. புனே நகரில் சோதிராவ் புலே 1848இலேயே பெண்களுக்குப் பள்ளி தொடங்கி, தொடர்ந்து தீண்டப்படாதோர்க்கும் பள்ளிகள் நடத்தினார். சென்னை அடையாற்றை அடுத்த ஊரூரில் ஆல்காட் துரை 1894இல் இலவசப் பஞ்சமர் பள்ளியைத் தொடங்கினார். திருவிதாங்கூரில் அய்யன்காளி, பிள்ளைகளைப் பள்ளியிற் சேர்க்காவிட்டால் வயலில் இறங்கமாட்டோம் என்று உழவர்களைத் திரட்டி வேலைநிறுத்தமே நடத்தினார். சுவாமிகளின் பள்ளி இவற்றுள் எதனின் படியும் அன்று. ஆல்காட் வெளிநாட்டவர், அவர் பின்னே ஓர் உலக இயக்கம் நின்றது. அய்யன்காளி அரசுப் பள்ளியின் கதவைத் தட்டினார். சுவாமிகளோ, திறக்காத கதவின் முன் நிற்பதைவிட வேறொரு வீடு கட்டுவோம் என்ற வழியிற் சென்றார்.

பள்ளியுடன் விடுதியும் இணைந்திருந்தது. கிராமத்துப் பிள்ளைகளின் கல்வியில் விடுதிக்கு உள்ள இடத்தைப் பட்டணத்தார் எளிதில் உணரமாட்டார்கள். நமக்கு அது விளங்கும். கொள்ளிடக்கரை முதல் வீராணம் ஏரிவரை பரந்து கிடக்கும் நெல் வயல்களில் நடவு தொடங்கினால் பள்ளியில் பாதிப் பிள்ளை இராது. அறுவடை வந்தால் மீதியும் இராது. நம் பக்கத்தில் மல்லாட்டை பிடுங்கும் காலத்தில் நம் இரவுப் பள்ளி வெறிச்சோடிக் கிடந்ததை இருபத்தைந்து ஆண்டு வருகைப் பதிவேடுகள் சொல்லும். வீட்டிலிருந்து வரும் பிள்ளையை வயல் திரும்ப அழைத்துக்கொள்ளும். தந்தை பெற்ற கடனுக்கு மகன் மாடு மேய்த்தாக வேண்டும். பிள்ளையை வயலிலிருந்து பிரித்து, வேளைக்குச் சோறிட்டு, இரவில் விளக்கேற்றி உட்காரவைத்தாலன்றிப் பாடம் மனத்தில் ஏறாது. மேலும், அந்நாளில் நகரத்தில் நம் பிள்ளைக்கு வாடகைக்கு அறை கொடுப்பார் இல்லை. உணவுச்சாலையில் உட்காரவும் விடமாட்டார்கள். ஆதலால் விடுதி இல்லாத பள்ளி, பாதிப் பள்ளிகூட அன்று.

சோறிடுவதற்குப் பணம் வேண்டும். துறவி கையேந்துவது நம் நாட்டில் இழிவன்று. குருவின் பெயரே கரபாத்திரர் அன்றோ. தமக்காக ஏந்த வேண்டிய கையைச் சுவாமிகள் பிள்ளைகளுக்காக ஏந்தினார். செல்வர்களிடம் சென்றார், மேற்குலத்தாரிலும் நல்மனம் கொண்டோரிடம் கேட்டுப் பெற்றார். வடமொழியிலும் தமிழிலும் வேதாந்தம் பேசவல்ல ஒருவர் வாசலில் வந்து நிற்கும்போது, அவரைத் துரத்துவது வைதிகர்க்கும் எளிதன்று. காவியுடை அவருக்குத் திறந்துவிட்ட கதவுகள் பல. அந்தக் காவியைப் பழிக்கும் நம் இளைஞர்கள் இதனையும் ஒரு கணம் எண்ணிப் பார்க்கலாம். அதே சமயத்தில், கொடுத்தவர் மனம் கோணாமல் நடக்க வேண்டிய இக்கட்டும் அதனுடன் வந்தது என்பதை நாமும் மறைக்கமாட்டோம். நன்கொடையில் நடக்கும் பள்ளியின் தலைவர், கொடையாளர் மீது கோபம் கொள்ள முடியாது. நம் சங்கத்திற்கே அந்த அனுபவம் உண்டு. ஒரு முறை ஒரு பெரிய மனிதர் தந்த மேசை நாற்காலிகளுக்காக, அவர் பேச்சில் இருந்த இழிசொல்லை மேடையில் அமர்ந்தபடியே விழுங்கினோம். அன்று இரவு எவரும் சரியாக உறங்கவில்லை.

1927ஆம் ஆண்டு செப்டம்பரில் காந்தியடிகள் தமிழ்நாட்டுச் சுற்றுப்பயணத்தின்போது சிதம்பரம் வந்தார். நந்தனார் பெயரால் அமையும் கோயிலுக்கு அவரே அடிக்கல் நாட்டினார். பெரிய கோயிலில் நமக்கு இடம் இல்லாத காலத்தில் மடத்துக்குள்ளே நமக்கென ஒரு சிவன் கோயில் எழுந்தது. இங்கே ஒரு வரிசையைக் கவனிக்க வேண்டும். சுவாமிகள் 1916இல் பள்ளியைத் தொடங்கினார். கோயிலுக்கு அடிக்கல் விழுந்தது 1927இல். பக்தியில் ஊறிய துறவிதான், ஆயினும் பிள்ளைகள் பதினோராண்டு படித்த பின்னரே ஆண்டவனுக்கு அடிக்கல் நாட்டினார். கோயில் கோயிலென்று காலங்கழித்தவர் என்ற குற்றச்சாட்டுக்கு இந்த இரு ஆண்டுகளையே நாம் விடையாக வைக்கின்றோம்.

மற்றொரு குற்றச்சாட்டு வலுவானது. தீயில் எரிந்தவரின் பெயரைப் பள்ளிக்கு ஏன் வைக்க வேண்டும்? எரித்தவர்களைக் கேள்வி கேட்காமல், எரிந்தவரை வணங்குவது அடிமைத்தனம் அன்றோ? நம் மலர்க் குழுவில் பட்டப் படிப்பு முடித்த ஒரு தங்கை இந்தக் கேள்வியை எழுப்பினார். கூட்டம் சற்று நேரம் அமைதியாயிற்று. நாம் கருதுவது இது. சுவாமிகள் நந்தனாரைப் பணிவின் சின்னமாக மட்டும் காணவில்லை. இவர்களுக்குச் சிவனும் இல்லை, சாத்திரமும் இல்லை, கல்வியும் ஆகாது என்று சொன்னவர்களின் சொந்த நூலிலேயே நாயன்மார் அறுபத்து மூவருள் ஒருவராக நம்மவர் அமர்ந்திருக்கின்றார் என்பதை எடுத்துக்காட்டி, அவர்கள் வாயை அவர்கள் நூலாலேயே அடைத்தார். அந்த வாதம் 1916இல் செல்லுபடியாயிற்று. இன்றைய இளைஞர்க்கு அது போதாது என்பதும் உண்மையே. அந்தத் தங்கையை நாம் முழுமையாக மாற்றிவிடவில்லை. அவரும் நம்மை முழுமையாக மாற்றிவிடவில்லை.

பள்ளி வளர்ந்துகொண்டிருக்கையிலேயே சுவாமிகள் சட்டசபைக்கும் சென்றார். 1920களின் பிற்பகுதியில், தாழ்த்தப்பட்டோர் சார்பில் அரசினர் நியமித்த உறுப்பினராக சென்னைச் சட்டசபையில் அமர்ந்தார். பின்னாளில் 1950களில் சிதம்பரம் தொகுதியிலிருந்து காங்கிரஸ் உறுப்பினராகச் சட்டமன்றம் சென்றார். அப்போது சிதம்பரம் இரட்டை உறுப்பினர் தொகுதி. ஒரே தொகுதியில் பொது இடத்துக்கு ஒருவரும் தாழ்த்தப்பட்டோர் இடத்துக்கு ஒருவருமாக இருவர் தேர்ந்தெடுக்கப்பட்டனர். இந்த முறை 1961ஆம் ஆண்டுச் சட்டத்தால் நீங்கியது. ஆதலால் இளைஞர்கள் பழைய தேர்தல் பட்டியல்களில் ஒரே தொகுதிக்கு இரு பெயர்களைக் கண்டு குழம்ப வேண்டாம்.

அரசியலில் அவர் காந்தியடிகளைச் சார்ந்து நின்றார். 1932ஆம் ஆண்டு அண்ணல் அம்பேத்கர் வென்றெடுத்த தனித் தொகுதி உரிமையை, உண்ணாவிரதத்தின் நெருக்கடியில் பூனா ஒப்பந்தத்தால் இழக்க நேர்ந்ததை நம் சங்கத்தார் இன்றும் ஆறாத புண்ணாகவே கருதுகின்றோம். அவ்வகையில் சுவாமிகளின் அரசியல் வேறு, நம் அரசியல் வேறு. இதனை எழுதாமல் விட்டால் வாழ்க்கை வரலாறு துதிப்பாடலாகிவிடும். ஆனால் அண்ணலே 1945இல் மக்கள் கல்விக் கழகத்தை நிறுவி அடுத்த ஆண்டில் பம்பாயில் சித்தார்த்தா கல்லூரியைத் தொடங்கியதை நினைக்கும்போது, அரசியலில் எதிரெதிர் நின்ற இவ்விருவரும் வந்து சேர்ந்த இடம் ஒரே பள்ளிக்கூட வாசல்தான் என்று தோன்றுகின்றது.

இனித் தில்லைக் கோயிலின் கதையை முடிப்போம். 1939ஆம் ஆண்டு சூலை 8ஆம் நாள் வைத்தியநாத ஐயர், கக்கன் முதலியோரை அழைத்துக்கொண்டு மதுரை மீனாட்சியம்மன் கோயிலுள் நுழைந்தார். நாடெங்கும் அது பேசப்பட்டது. மதுரையில் கதவு திறந்தும் தில்லையில் திறக்கவில்லை. 1947இல் சென்னை மாகாணம் முழுவதற்கும் ஆலயப் பிரவேசச் சட்டம் வந்த பின்னரே, சுவாமிகள் தம் மக்களோடு நடராசர் சந்நிதிக்குச் சென்றார். இருபது வயதில் அவ்வூருக்கு வந்தவர், ஐம்பத்தேழாம் வயதில் உள்ளே சென்றார். முப்பத்தேழு ஆண்டுகள். சாத்திரமும் திருமுறையும் கற்ற துறவி, கோபுரத்தை நாள்தோறும் வெளியிலிருந்து பார்த்துக்கொண்டே முப்பத்தேழு ஆண்டுகள் பள்ளி நடத்தினார். நந்தனார் போல் அவர் தீயில் மூழ்கவில்லை. வேறு வடிவம் எடுக்கவும் இல்லை. பிறந்த உடலோடு, பிறந்த குலத்தோடு, சட்டம் துணைவர நடந்து சென்றார். ஒரு கதையின் முடிவை அவர் இவ்வாறு மாற்றி எழுதினார் என்று நாம் சொன்னபோது, முன்னர் கேள்வி எழுப்பிய அந்தத் தங்கை மட்டும் சிரித்துத் தலையசைத்தார்.

1-5-1959 அன்று சுவாமிகள் மறைந்தார். வயது 69. சிதம்பரத்திலேயே, தாம் கண்ட மடத்தில் அடக்கம் செய்யப்பெற்றார். அவர் 25 பிள்ளைகளோடு தொடங்கிய பணி இன்று ஆண்களுக்கும் பெண்களுக்குமாக நந்தனார் பெயர் தாங்கிய அரசு மேல்நிலைப் பள்ளிகளாக நிலைத்திருக்கின்றது. கடலூர், சிதம்பரம், காட்டுமன்னார்கோயில் பக்கங்களில் நம்மவருள் ஆசிரியர், எழுத்தர், அதிகாரி என்று எவரைக் கண்டாலும், அவரோ அவர் தந்தையாரோ நந்தனார் பள்ளியில் படித்தவராக இருப்பதை நாம் பலமுறை கண்டிருக்கின்றோம். நகரில் அவருக்கு மணிமண்டபமும் எழுந்துள்ளது.

தனி மனிதர் கண்ட பள்ளி அரசினர் பள்ளியாவது ஏற்றமா இழப்பா என்று கேட்பாருண்டு. சம்பளத்துக்குக் கையேந்த வேண்டியதில்லை என்பது ஏற்றம். பிள்ளை இரவில் ஏன் அழுகின்றது என்று விசாரிக்கும் துறவி இல்லை என்பது இழப்பு. நம் இரவுப் பள்ளியையும் அரசிடம் ஒப்படைத்துவிடலாம் என்று பொதுக்குழுவில் ஒரு தீர்மானம் வந்து, மூன்று வாக்கு வித்தியாசத்தில் தோற்றதை உறுப்பினர்கள் அறிவர். இப்போது ஆங்கிலவழிப் பள்ளிகளின் மஞ்சள் வண்டி காலனி முனைக்கே வந்து நிற்கின்றது. கடன் வாங்கியேனும் பிள்ளையை அதில் ஏற்றிவிடப் பெற்றோர் துடிக்கின்றனர். அவர்களைக் குறை கூற நமக்கு மனம் வரவில்லை. மாலையில் நம்மிடம் வரும் பிள்ளைகளின் தொகை குறைந்துகொண்டே வருவதையும் மறைக்க மனம் வரவில்லை. அடுத்த பொதுக்குழுவில் அத்தீர்மானம் மறுபடியும் வரும். அப்போது வாக்களிக்கப் போகின்றவர்கள் இந்த வரலாற்றைப் படித்துவிட்டு வரவேண்டும் என்பதே, இரண்டாவது இடத்திற்குச் சுவாமிகளைத் தேர்ந்தெடுத்ததன் உண்மையான காரணம்.

மலர்க் குழு இறுதியில் எடுத்த முடிவுகளையும் பதிவு செய்கின்றோம். நம் படிப்பகத்தில் அண்ணலின் படத்துக்கு நேரெதிர்ச் சுவரில் சுவாமிகளின் படம் மாட்டப்பெறும். இருவரும் ஒருவரையொருவர் பார்த்துக்கொண்டு வாதிடட்டும் என்று சொன்னவர் அந்தத் தங்கையேதான். வரும் சனவரி 27ஆம் நாள், பத்தாம் வகுப்பு மாணவர்கள் மிதிவண்டியில் புறப்பட்டு ஆரணி வழியாக மேல்புதுப்பாக்கம் சென்று வருவார்கள். கட்டுச்சோறும் குடிநீரும் சங்கத்தின் பொறுப்பு. பெயர் கொடுக்க விரும்புவோர் படிப்பகத்தில் மாலை ஆறு மணிக்கு மேல் செயலாளரைக் காணலாம். பெண் பிள்ளைகளும் பெயர் கொடுக்கலாம்.